செம்பு உள்ளே போகும் நேரம்

தெருவிளக்கு எரிந்ததும் மருமகள் உள்ளே வந்து, கட்டிலுக்குப் பக்கத்து முக்காலியிலிருந்து தண்ணீர்ச் செம்பை எடுத்தாள். அதே நேரம் கட்டிலில் கிடந்தவளின் இடது கை எழுந்து செம்பின் பக்கம் போனது. அதற்குள் செம்பு நகர்ந்துவிட்டது. கை மட்டும் கொஞ்ச நேரம் அந்தரத்தில் நின்றது.

"காலையில குடிக்கலாம் அத்தை," என்றாள் மருமகள். அதட்டவில்லை. சாயங்காலம் ஜன்னலைச் சாத்துகிற மாதிரி, அதையும் ஒரு வேலையாகச் செய்துவிட்டுச் செம்போடு சமையலறைக்குப் போய்விட்டாள்.

வாசல் பக்கம் நாற்காலியில் உட்கார்ந்திருந்த டேங்க்காரர் இதைப் பார்த்தார். தினமும்தான் பார்க்கிறார். இன்றைக்கு அந்தக் கை அவர் கண்ணை விட்டுப் போகவில்லை.

அவரை டேங்க்காரர் என்றால்தான் ஊருக்குத் தெரியும். ஊர்த் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துக்கொள்கிற வேலை அவருக்கு. மோட்டார் போடுவது, தொட்டி நிரம்பினால் நிறுத்துவது, எந்தத் தெருவுக்கு எப்போது விட வேண்டுமோ அப்போது வால்வைத் திறப்பது, குழாய் உடைந்தால் மண்ணைத் தோண்டி ஒட்டுப்போடுவது. வயதாகிவிட்டது என்று அவரை நிறுத்திவிட்டு வேறு ஆள் வைத்தார்கள். வேலை போனாலும் பேர் போகவில்லை.

சுலபத்தில் யாரையும் நம்புகிற ஆள் இல்லை அவர். வால்வை மூடிவிட்டேன் என்று ஒருவன் சொன்னால், போய்க் கையால் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் வீட்டுக்கு வருவார். டாக்டர் மாத்திரை எழுதினால், இது எதற்கு, இது இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று கேட்டு அந்த மனுஷனை ஒரு வழி பண்ணிவிடுவார். அப்பேர்ப்பட்டவர் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் கேள்வி கேட்காமல் நம்பினார். படுக்கையில் விழுந்தவர்களுக்கு ராத்திரித் தண்ணீர் ஆகாது. இது அந்தத் தெருவில் எல்லாருக்கும் தெரிந்த சங்கதி. நெஞ்சில் சளி கட்டும், மூச்சு முட்டும் என்பார்கள். அவர் கேள்வி கேட்காததற்குக் காரணம் ஒன்றுதான். அது பெண்கள் பார்க்கிற காரியம். சமையலறைக்குப் பின்னால் நடப்பதில் ஆண்பிள்ளைக்கு என்ன வேலை?

மனைவிக்கு வலது பக்கம் விழுந்து ஓர் அறுவடை போய் அடுத்த அறுவடை வரப்போகிறது. கையும் காலும் போனதோடு பேச்சும் போய்விட்டது. எதைச் சொன்னாலும் வாய்க்குள்ளேயே குழைந்துவிடும். 'தண்ணி' என்ற ஒரு சொல் மட்டும் பழைய குரலிலேயே வரும். அதையும் பகலில் அவள் சொல்வதில்லை. இருட்டின பிறகு, பாதித் தூக்கத்தில், யாரிடம் என்று இல்லாமல் சொல்வாள்.

அன்றைக்குப் புழுக்கம் தாங்கவில்லை. அவர் ஒரு துணியை நனைத்துக்கொண்டு வந்து அவள் முகத்தைத் துடைத்தார். நெற்றி, கன்னம், கழுத்து. துணியின் முனை உதட்டில் பட்டதும் அவள் அதைப் பல்லால் கவ்விக்கொண்டாள்.

"ஏய், விடுடி. என்ன இது?"

அவள் விடவில்லை. கண்ணை மூடிக்கொண்டு அந்த முனையை உறிஞ்சினாள். தாய் மடியில் முட்டுகிற கன்றுக்குட்டிக்கு வருமே ஒரு சத்தம், அந்தச் சத்தம் வந்தது. இழுத்துப் பார்த்தார். வரவில்லை. இத்தனை பலம் இவளிடம் எங்கே இருந்தது என்று நினைத்துக்கொண்டே துணியை அவளிடம் விட்டுவிட்டு எழுந்தார்.

சமையலறையில் மகன் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். பால் வண்டி ஓட்டுகிறவன். விடியுமுன்னே கிளம்பி ஊர் ஊராகப் பால் கேன் ஏற்றி, பண்ணையில் இறக்கிவிட்டுக் காலையில் வீட்டுக்கு வருவான். மத்தியானம் மறுபடியும் போனால் இருட்டித்தான் வருவான். பக்கத்தில் மருமகள் நின்றுகொண்டே சாப்பிட்டாள்.

"அவ ஈரத் துணியக் கடிச்சு உறிஞ்சுறா," என்றார் டேங்க்காரர்.

யாரும் தலையைத் தூக்கவில்லை.

"அவ்வளவு தாகமா இருக்குன்னா ஒரு வாய் குடுத்தா என்ன?"

"ராத்திரி ஆகாது மாமா," என்றாள் மருமகள். "சளி கட்டிட்டா அப்புறம் யாரு பாக்குறது?"

"ஒரே ஒரு வாய்."

"அப்பா." மகன் தட்டைப் பார்த்தபடியே சொன்னான். "தெரியாத விஷயத்துல தலையிடாதீங்க. அவ பாத்துக்குறால்ல? நீங்க போய்ப் படுங்க."

போய்ப் படுத்தார். பக்கத்துக் கட்டிலில் துணியைச் சப்புகிற சத்தம் குறைந்துகொண்டே வந்து நின்றது. துணி காய்ந்திருக்கும்.

மறுநாள் காலை நர்ஸ் வந்தாள். சுற்றுவட்டத்து ஊர்களுக்கெல்லாம் ஸ்கூட்டரில் வந்து, படுத்த படுக்கையாக இருப்பவர்களை வீடு வீடாகப் பார்த்துவிட்டுப் போகிறவள். டேங்க்காரருக்கு அவளைக் கண்டால் ஆகாது. அந்தப் பெரிய பையில் மாத்திரையை விடக் காகிதம்தான் அதிகம் என்பது அவர் கட்சி.

நர்ஸ் கிழவியின் புறங்கைத் தோலை இரண்டு விரலால் கிள்ளித் தூக்கி விட்டாள். தூக்கின தோல் இறங்கவில்லை. மடித்துவைத்த காகிதம் போல அப்படியே நின்றது. உதட்டைத் திறந்து நாக்கைப் பார்த்தாள். நாக்கு வெடித்திருந்தது.

"தண்ணி எப்படிக் குடிக்கிறாங்க?"

"கேக்குறப்பல்லாம் குடுக்குறோம்," என்றாள் மருமகள்.

"ராத்திரியில?"

"கேட்டா குடுப்போம்."

நர்ஸ் டேங்க்காரரைப் பார்த்தாள். அவர் சுவரைப் பார்த்தார். வீட்டு விஷயத்தை வெளியாள் முன்னால் பேசக்கூடாது என்ற பழக்கம் நாக்கைப் பிடித்துக்கொண்டது. ஆனால் நர்ஸ் வெளியே போனதும் கால் பின்னாலேயே போனது.

"இந்தாம்மா, ஒரு நிமிஷம்."

"சொல்லுங்க ஐயா."

"ராத்திரித் தண்ணி ஆகாதுன்னு சொல்லி வச்சிருக்கீங்களே, அதுக்குப் பதிலா வேற ஏதாவது மருந்து குடுக்கக் கூடாதா? துணியப் போட்டு உறிஞ்சுறா."

நர்ஸ் தலையில் மாட்டப்போன ஹெல்மெட்டை இறக்கினாள். "யாரு சொன்னது ஆகாதுன்னு?"

"நீங்கதான். ஆஸ்பத்திரிக்காரங்க."

"நாங்க யாரும் அப்படிச் சொல்லல. எந்த டாக்டரும் சொல்ல மாட்டாரு."

"அப்புறம் எதுக்குத் தெரு பூரா…"

"அதத்தான் ஐயா நானும் கேக்குறேன். உங்க தெருவுல நாலு வீட்டுக்குப் போறேன். நாலு வீட்டுலயும் இதே தோலு, இதே நாக்கு. கேட்டா நாலு பேரும் ஒரே பதில் சொல்றாங்க, கேக்குறப்பல்லாம் குடுக்குறோம்னு." அவள் குரலைத் தாழ்த்தினாள். "குடிச்சா ராத்திரி படுக்கை நனையும் இல்லையா? நனைஞ்சா யாராவது தொவைக்கணும்ல? அவ்வளவுதான் விஷயம். இதுக்குச் சளின்னு ஒரு பேரு."

டேங்க்காரர் வீட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"இந்த வெயிலுக்கு இப்படியே போனா அம்மா ரொம்ப நாள் தாங்க மாட்டாங்க. வியாதியால இல்ல ஐயா. தாகத்தால." ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு போய்விட்டாள்.

அவர் தெருவிலேயே நின்றார். வேறு யாராவது சொல்லியிருந்தால் 'சும்மா போம்மா' என்றிருப்பார். ஆனால் அந்தத் தோல் இறங்காமல் நின்றதை இரண்டு கண்ணால் பார்த்தாயிற்று.

வீட்டைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போனார். மருமகள் துணி துவைக்கிற கல்லுக்கு முன்னால் குனிந்து நின்று விரிப்பை அடித்துக்கொண்டிருந்தாள். முழங்கை வரைக்கும் சோப்பு நுரை. சேலைக் கரையைப் போல விரலிடுக்கில் வரிசையாக வெடிப்பு. இத்தனை வருஷத்தில் இந்தப் பக்கம் அவர் வந்தது குழாய் ரிப்பேருக்கு மட்டும்தான்.

"தண்ணிய நிறுத்தினது நீதானா?"

அடிப்பது நின்றது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

"சளி கட்டும்னு யாரும் சொல்லலையாம். நர்ஸம்மா சொல்லிட்டுப் போறா. நீயா நிறுத்தியிருக்க."

"ஆமா," என்றாள். "நான்தான் நிறுத்தினேன்."

பொய் சொல்வாள், மழுப்புவாள், அழுவாள் என்றெல்லாம் எதிர்பார்த்து வந்த ஆளுக்கு இந்த ஆமா எதிர்பாராத அடி.

"மனுஷிதானா நீ?"

அப்போதுதான் திரும்பினாள். "கைய மோந்து பாருங்க மாமா," என்று நுரையோடு கையை அவர் மூக்குக்கு நேரே நீட்டினாள். "மோந்து பாருங்க. தையல் கம்பெனியில என் பக்கத்து மெஷின்ல உக்கார மாட்டேங்கிறாங்க. ராத்திரி தூக்கி, தொடச்சு, மாத்தி, காலையில இதத் தொவைச்சு, சமைச்சு வச்சிட்டு ஓடுறேன். கம்பெனி கேட்டு சாத்துறதுக்குள்ள போகலைன்னா அன்னிக்கு வெளியிலதான். அத்தை ஒரு ஆளு கனம் இல்லையா? தனியாத் தூக்கித் தூக்கி என் இடுப்பு போயிருச்சு. உங்க மகன் ஒரு நாள் ஒரு பக்கம் பிடிச்சிருப்பாரா? நீங்க பிடிச்சிருப்பீங்களா?"

"ஆம்பளைங்க எப்படிம்மா…"

"அதான். ஆம்பளைங்க எப்படி?" அவள் சிரித்தாள். நல்ல சிரிப்பு இல்லை அது. "மூலைவீட்டு அக்காதான் வழி சொன்னாங்க. இருட்டினா சொம்ப எடுத்துரு, காலையில துணி காஞ்சு கிடக்கும்னாங்க. பாதி நாளு காஞ்சுதான் கிடந்துச்சு. நானும் கொஞ்சம் தூங்கினேன். பாவம்தான். எனக்குத் தெரியாதா பாவம்னு? இந்தத் தெருவுல எல்லா வீட்டுலயும் இதான் மாமா. அவங்கவங்க மாமியார் கிட்டப் படிச்சது. அத்தையும் செஞ்சவங்கதான்."

"யாரு?"

"அத்தை. நல்லா இருக்கறப்ப அவங்களே எங்கிட்டச் சொல்லியிருக்காங்க. உங்கம்மாவுக்கு அப்படித்தான் பாத்தாங்களாம். வேற வழி தெரியலடின்னு சொல்லி அழுதாங்க. அதான் இப்ப பகல்ல ஒரு வாய் கூடக் கேக்க மாட்டேங்கிறாங்க. கேட்டா என்ன ஆகும்னு அவங்களுக்குத் தெரியும்."

அவள் திரும்பிக்கொண்டு மறுபடி அடிக்க ஆரம்பித்தாள். நுரை அவர் காலில் தெறித்தது.

அவருடைய அம்மா படுத்திருந்ததும் அதே அறையில்தான், சுவரை ஒட்டி. அந்தச் சுவருக்குள் ஓடுகிற குழாயில் ஓர் இடத்தில் கசிவு இருந்தது. சுவர் எப்போதும் சில்லென்று ஈரம் பாரித்திருக்கும். கடைசிக் கோடையில் அம்மா சுவர்ப் பக்கமே திரும்பிப் படுத்துக்கொண்டு நாக்கை நீட்டி அந்தச் சுண்ணாம்பை நக்கினாள். புத்தி பேதலித்துவிட்டது என்று எல்லாரும் சொன்னார்கள். அவரும் சொன்னார். பெற்றவள் சுண்ணாம்பைத் தின்கிறாளே என்று பதறி, ஒரே நாளில் சுவரை உடைத்துக் கசிவை அடைத்து, சொட்டு ஈரம் இல்லாமல் பூசிவிட்டார். அருமையான ஒட்டு. இன்று வரைக்கும் கசியவில்லை.

அவர் நடந்தார். எங்கே போகிறோம் என்று காலுக்குத் தெரிந்திருந்தது. ஊர்க் கோடியில் தொட்டி, தொட்டிக்குக் கீழே குழி, குழிக்குள் தெருவுக்கு ஒன்றாக வால்வுகள். மூடியைத் தூக்கிப் போட்டுவிட்டு உள்ளே இறங்கினார். அவர் தெருவினுடையது இடது ஓரத்தில். சக்கரத்தில் கை வைத்தார். பழகின இரும்பு.

ஒரே மூடு. நாளைக் காலையில் குடத்தோடு நிற்பார்கள். காற்றுதான் வரும். சாயங்காலம் வரைக்கும் காற்றுதான் வரும். அப்போது போய்ச் சொல்ல வேண்டும், ஏன், ராத்திரித் தண்ணி ஆகாதுன்னீங்களே, பகல் தண்ணியும் ஆகாதுன்னு இருங்களேன். நாக்கு வெடிக்கட்டும். அவனவன் ஈரத் துணியைக் கடிக்கட்டும்.

கை இறுகியது. சக்கரம் கால் சுற்று திரும்பியது.

திரும்பினதும் வேறொன்று நினைவுக்கு வந்தது. தண்ணீர் வராத நாளிலும் எந்த வீட்டிலும் ஒரு குடமாவது மிச்சம் இருக்கும். அந்த ஒரு குடத்தில் முதல் டம்ளர் வேலைக்குப் போகிறவனுக்கு. அடுத்தது பள்ளிக்கூடம் போகிற பிள்ளைக்கு. அப்புறம் சமையலுக்கு, மாட்டுக்கு. குடம் அடி காண்கிறபோது யாருடைய டம்ளரை நிறுத்துவார்கள்? இதற்குப் படிப்பு வேண்டியதில்லை. நாலு வீட்டிலும் நாலு கட்டில்தான் முதலில் காயும். அதில் ஒன்று அவர் வீட்டுக் கட்டில்.

"என்னண்ணே, கை அரிக்குதா?" மேலே எட்டிப் பார்த்தான் இப்போது வேலையில் இருப்பவன். "வேலைய விட்டாலும் வால்வு உங்கள விடாது போலிருக்கே!"

"இறுக்கமா இருக்கான்னு பாத்தேன்," என்றார். திருப்பின கால் சுற்றை மறுபடி திறந்துவைத்துவிட்டு மேலே வந்தார். "கிரீஸ் போடு. காஞ்சு கிடக்கு."

அன்று சாயங்காலம் தெருவிளக்கு எரிந்தது. மருமகள் உள்ளே வந்தாள். முக்காலியில் செம்பு இருந்தது. செம்பின் மேல் டேங்க்காரரின் கை இருந்தது.

"விடுங்க மாமா."

"இது இங்கேயே இருக்கட்டும்."

"காலையில பேசினதுக்கு வம்பு பண்றீங்களா?"

"இல்ல. நீ சொன்னது ஒண்ணு கூடத் தப்பு இல்ல." செம்பிலிருந்து டம்ளரில் ஊற்றினார்.

மகன் கதவருகில் வந்து நின்றான். அப்போதுதான் வண்டியை நிறுத்திவிட்டு வந்திருந்தான். சட்டையில் புளித்த பால் வாடை. "என்னப்பா பிரச்சனை?"

"ஒரு பிரச்சனையும் இல்ல. உங்கம்மா தண்ணி குடிக்கப் போறா."

மனைவியின் தலையைத் தூக்கி டம்ளரை உதட்டருகே கொண்டுபோனார். அவள் வாயை இறுக்கி மூடிக்கொண்டாள். தாகத்தில் தொண்டை ஏறி இறங்குவது தெரிகிறது, வாய் திறக்கவில்லை. கண் மருமகளைப் பார்த்தது. பிறகு கீழே விரிப்பைப் பார்த்தது. மறுபடி மருமகளைப் பார்த்தது. தலை மெல்ல வேண்டாம் என்று ஆடியது.

அதைப் பார்த்ததும் மருமகள் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"அவளப் பாக்காத. என்னப் பாரு," என்றார் டேங்க்காரர். "குடி. நனைஞ்சா நனையட்டும். நான் தொவைக்கிறேன்."

மகன் சிரித்தான்.

"நீங்க தொவைப்பீங்க. உங்க துண்டையே நீங்க அலசினதில்ல. ஏம்ப்பா, இந்த வயசுல நாடகம் ஆடுறீங்க?"

"நான் தொவைக்கிறேன்னு சொன்னேன்."

"ஊரு சிரிக்கும்."

"சிரிக்கட்டும். தண்ணி காட்டாமக் கொல்றப்ப சிரிக்காத ஊரு, துணிக்குச் சிரிச்சா சிரிச்சிட்டுப் போவுது."

"யாரு கொல்றா? என்ன பேசுறீங்க?" மகன் குரல் உயர்ந்தது. "அவ ராப்பகலாப் பாக்குறா…"

"அவ பாக்குறா. நீ என்ன பாக்குற? நான் என்ன பாத்தேன்?"

மகன் மனைவியைப் பார்த்தான். அவள் அவனைப் பார்க்கவில்லை.

கிழவியின் நல்ல கை எழுந்து டம்ளரைப் பிடித்தது. முதல் வாய் பாதி கழுத்தில் வழிந்தது. இரண்டாவது உள்ளே போனது. பிறகு நிறுத்தவே இல்லை. டம்ளர் காலியானதும் அவர் இன்னொன்று ஊற்றினார். குடித்து முடித்துவிட்டு அவரைப் பார்த்து, விழாத பாதி முகத்தால் ஏதோ சொன்னாள். குழைந்துபோன பேச்சு. ஆனாலும் அவருக்குப் புரிந்தது. உங்களால் முடியாது என்றுதான் சொன்னாள்.

காலையில் விரிப்பு நனைந்திருந்தது. வஞ்சனை இல்லாமல் நனைந்திருந்தது.

அவளைப் புரட்டி, அடியில் கிடந்ததை உருவுவதற்குள் அவருக்கு மூச்சு வாங்கியது. இரண்டு தடவை கை வழுக்கியது. மருமகள் கதவில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தாள். மூன்றாவது தடவை பொறுக்காமல் வந்து, "இப்படி இல்ல, முதல்ல ஒரு பக்கம் சுருட்டி வைங்க, அப்புறம் அந்தப் பக்கமாத் திருப்பி இழுங்க," என்று காட்டிக்கொடுத்தாள். கையை வைக்கவில்லை. அவரே செய்தார்.

விரிப்பைச் சுருட்டி ஒரு வாளியில் போட்டு, சோப்பை எடுத்துக்கொண்டார். பின்பக்கம் போகவில்லை. வாசல் வழியாகத் தெருவில் இறங்கினார்.

"மாமா, கல்லு பின்னால இருக்கு!"

"தெரியும்."

தெருக்குழாயில் தண்ணீர் வருகிற நேரம் அது. அந்தக் குழாயை அங்கே நட்டதே அவர்தான். குடமும் வாளியுமாகத் தெருவே நின்றது. அவர் யார் குடத்தையும் நகர்த்தவில்லை. வரிசையில் நின்று, தன் முறை வந்ததும் வாளியைப் பிடித்துக்கொண்டு, பத்தடி தள்ளிச் சாக்கடை ஓரம் கிடந்த சப்பைக் கல்லில் போய்க் குந்தினார். முழங்கால் இரண்டும் சடசடவென்றது. விரிப்பை உதறி விரித்தார். வாடை எழுந்தது.

"என்ன மாமா, வீட்டுல மருமக இல்லையா?" என்றாள் ஒருத்தி.

"மருமக விரட்டிவிட்டுட்டா போல, கல்லுல அடிக்க வந்துட்டாரு!" என்றாள் இன்னொருத்தி. சிரிப்பு எழுந்தது.

அவர் சோப்பைத் தேய்த்தார். சோப்பு கையை விட்டு வழுக்கிச் சாக்கடைக்குப் போகப் பார்த்தது. மறுபடி சிரிப்பு.

மூலைவீட்டுக்காரி குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு கிட்டே வந்தாள். தெருவில் அவள் வைத்ததுதான் சட்டம். "இது என்ன கோலம் அண்ணே? குடிக்கிற தண்ணி பிடிக்கிற இடத்துல? அது யாரு துணி?"

"என் வீட்டுக்காரி துணி," என்றார் டேங்க்காரர். குரலைத் தாழ்த்தவில்லை. "மூத்திரத் துணி. ராத்திரி தண்ணி குடிச்சா. அதான் நனைஞ்சிருச்சு."

சிரிப்பு நின்றது.

அவர் ஒன்றும் கெட்ட வார்த்தை சொல்லிவிடவில்லை. ஆனால் ராத்திரி, தண்ணி, குடிச்சா என்ற மூன்றையும் சேர்த்து அந்தத் தெருவில் யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. குழாயடியில் நின்றவர்கள் அவரவர் குடத்துக்குள் பார்த்துக்கொண்டார்கள். நிரம்பி வழிந்த வாளியை நகர்த்த யாருக்கும் தோன்றவில்லை.

"ராத்திரி குடுத்தா சளி…" என்று ஆரம்பித்தாள் மூலைவீட்டுக்காரி.

"படுத்துக் கிடக்கிற உன் மாமியாருக்கு நாக்கு எப்படி இருக்கு?" என்று கேட்டார். "வெடிச்சிருக்கா? இவளுக்கு வெடிச்சிருந்துச்சு. போய்ப் பாரு. எங்கம்மாவுக்கு நான் பாக்கல."

அவள் குடத்தை ஏற்றிப் பிடித்தாள். "வேலையத்த கிழம்," என்று முணுமுணுத்துவிட்டுக் குடத்தோடு வேகமாக நடந்தாள். குடத்து நீர் தளும்பித் தளும்பி அவள் இடுப்பை நனைத்தது.

பால் வண்டி தெருமுனையில் வந்து நின்றது. மகன் இறங்கி ஓடிவந்தான். வழியில் யாரோ சொல்லியிருக்க வேண்டும். முகம் கறுத்திருந்தது.

"எந்திரிங்க. எந்திரிங்கப்பா. எல்லாரும் பாக்குறாங்க."

"பாக்கட்டும்னுதானே இங்க வந்தேன்."

"பின்னால போய்த் தொவைச்சுத் தொலைங்க, யாரு வேணாம்னது?"

"பின்னால தொவைச்சா உனக்குத் தெரியாது. எனக்கும் தெரியாமத்தான் இருந்துச்சு."

மகன் குனிந்து விரிப்பின் ஒரு முனையைப் பிடித்து இழுத்தான். பிடுங்கிக்கொண்டு போய்விடலாம் என்பது அவன் கணக்கு. ஆனால் தண்ணீரில் ஊறின விரிப்பு சவமாகக் கனத்தது. மறுமுனை கிழவர் கையில். அவரும் இழுத்துக்கொண்டே எழுந்து நின்றார். அப்பனும் மகனும் தெரு நடுவில் ஆளுக்கொரு முனையாக நின்றார்கள். தண்ணீர் நடுவில் சொட்டியது.

மருமகள் வேலைக்குக் கிளம்பிப் பையோடு வாசலில் வந்தவள் இதைப் பார்த்தாள். பழகின கை, சும்மா இருக்கவில்லை. பையைத் தோளில் ஏற்றிக்கொண்டு, புருஷன் கையிலிருந்த முனையை வாங்க இரண்டு கையையும் நீட்டியபடி வந்தாள்.

"நீ விடும்மா," என்றார் டேங்க்காரர். "கேட்டு சாத்திருவாங்க. போ."

அவள் நின்றாள். புருஷனைப் பார்த்தாள், மாமனாரைப் பார்த்தாள். நீட்டின கைகளை மெல்ல இறக்கிக்கொண்டு, தெருவோடு நடக்க ஆரம்பித்தாள். முதலில் மெதுவாக. பிறகு வேகமாக. திரும்பிப் பார்க்கவில்லை.

"முறுக்குடா," என்றார் மகனிடம்.

அவன் முறுக்கவில்லை. விட்டால் விரிப்பு சாக்கடையில் விழும், தெரு பார்க்கும். பிடித்தாலும் தெரு பார்க்கும். பல்லைக் கடித்துக்கொண்டு, தரையைப் பார்த்தபடி, முனையைப் பிடித்தபடி நின்றான்.

அவர் தன் பக்கத்தை முறுக்கினார். ஒருத்தன் அசையாமல் பிடித்திருந்தால் போதும், துணி பிழிந்துவிடும் என்பது அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. ஒரு சுற்று, இன்னொரு சுற்று. விரிப்பின் வயிற்றிலிருந்து தண்ணீர் கொட்டியது.

"இன்னிக்கு ராத்திரியும் குடிப்பா," என்றார், மூச்சு வாங்கிக்கொண்டே. "நாளைக்கும் இதே நேரத்துக்கு வண்டியக் கொண்டுவந்து நிறுத்து."